தெருவுக்கு மறைத்த சட்டி

சவானா
1 மார்ச் 2017

அன்புத் தங்கை ஓசெல்லாவுக்கு,

கர்த்தருக்கு ஸ்தோத்திரம். இங்கே நானும் உன் அத்தானும் சுகம். உன் முழங்கால் எப்படி இருக்கிறது? டெட்ராய்ட்டில் இன்னும் பனி கொட்டுகிறது என்று டிவியில் காட்டினார்கள். வாசற்படியில் உப்புப் போடாமல் இறங்காதே. கிறிஸ்துமஸுக்கு நீ அனுப்பிய அட்டையில் உன் கையெழுத்தைத் தவிர ஒரு வார்த்தை இல்லை. இத்தனை வருஷம் கரும்பலகையில் எழுதிய கைக்கு அக்காவுக்கு நாலு வரி எழுதினால் வலிக்குமா? இருக்கட்டும். கோபமில்லை, குறைதான்.

இங்கே அசேலியா இந்த வருஷம் சீக்கிரமே பூத்துவிட்டது. கொசுவும் சீக்கிரமே வந்துவிட்டது. சபையில் மே மாதம் ஆண்டு விழா. அடுப்பங்கரைப் பொறுப்பு வழக்கம் போல என் தலையில்.

நான் எழுத உட்கார்ந்தது வேறு விஷயத்துக்கு. பிப்ரவரி மாதம் ஒரு சனிக்கிழமை ஊர்க்காரர்களுக்கு எல்லாம் இலவசம் என்று அறிவித்தார்கள் அல்லவா, அன்று நான் அந்த இலக்கிய நடைக்குப் போனேன். கொரின் தேயர் நாவலில் வரும் இடங்களையெல்லாம் நடத்திக் கூட்டிக்கொண்டு போய்க் காட்டுகிறார்களே, அதுதான். எழுபத்திரண்டு வயதில் இது என்ன ஆசை என்று நீ கேட்பாய். அந்தக் கொரின் வளர்ந்த வீடுதான் அம்மா முப்பத்தோரு வருஷம் சமைத்த வீடு. நாம் கொல்லைச் சந்தோடு நின்றவர்கள். ஒரு தரமாவது முன்வாசல் வழியாக உள்ளே போய்ப் பார்க்கலாம் என்று நினைத்தேன். அவ்வளவுதான் ஆசை.

சபைக்குப் போடும் வெள்ளைச் செருப்பைப் போட்டுக்கொண்டு போனேன். அது தப்பு. செங்கல் நடைபாதையில் பத்தே நிமிஷத்தில் குதிகால் எரிந்தது. நாங்கள் பதினாலு பேர். அதில் கறுப்பு முகம் என்னுடையது ஒன்றுதான். நடத்திக்கொண்டு போனவன் ட்ரிப் ஹாலிஸ் என்று ஒரு பிள்ளை, முப்பது வயது இருக்கும், வைக்கோல் தொப்பி, மடக்கிய குடையைக் கொடி மாதிரித் தூக்கிப் பிடித்துக்கொண்டு எங்களைப் பார்த்தபடியே பின்னால் பின்னால் நடக்கிறான். ஒரு கல் தடுக்கவில்லை. நல்ல வளர்ப்பு. படி வந்த இடத்திலெல்லாம் என் முழங்கையைப் பிடித்துக்கொண்டான்.

கொரினம்மா உட்கார்ந்து எழுதிய பெஞ்சைக் காட்டினான். எல்லாரும் மாற்றி மாற்றி உட்கார்ந்து படம் எடுத்துக்கொண்டார்கள். "நீங்களும் உக்காருங்கம்மா" என்றான். நான் வேண்டாம் என்றேன். அந்த நாளில் வெள்ளைக்காரர் மட்டும் உட்காரும் அந்தப் பெஞ்சில் அம்மா உட்கார முடியாது என்பது அவனுக்குத் தெரியாததில்லை, நினைவுக்கு வந்திருக்காது. பிறகு மருந்துக்கடை, கல்லறைத் தோட்டம். நின்ற இடத்திலெல்லாம் புத்தகத்தைத் திறந்து ஒரு பத்தி வாசித்தான். நல்ல குரல். கடைசியாக அந்த வீடு. முன்வாசல் வழியாகத்தான் போனோம். ஆனால் கூடத்தில் நிற்கவில்லை, நேரே பின்கட்டுக்கு, அடுப்பங்கரை வாசலுக்குக் கூட்டிப்போய்விட்டான்.

நாவலில் டெம்பி என்று ஒரு சமையல்காரி வருகிறாளாம். சாயங்காலமானால் வீட்டுச் சாப்பாட்டைத் திருடி ஏப்ரனுக்குள் மறைத்துக்கொண்டு போவாளாம். அந்தக் கட்டத்தை இவன் நடித்தே காட்டுகிறான். இடுப்பை ஒரு பக்கம் வளைத்துக்கொண்டு நொண்டுகிறான்.

"என்ன டெம்பி, ஏப்ரனுக்குள்ள புடைச்சுக்கிட்டு இருக்கு?"

"வீக்கமுங்க ஐயா. நடக்கவே முடியல."

"ஏன் டெம்பி, உன் வீக்கம் மட்டும் வறுத்த கோழி வாசம் அடிக்குது?"

எல்லாரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். எனக்கு முன்னால் நின்ற ஒருவர் சிரித்த சிரிப்பில் கையில் இருந்த பீர் என் செருப்பில் கொட்டியது. மன்னிப்புக் கேட்டார்.

அந்த வீட்டில் அந்த முப்பத்தோரு வருஷமும் சமைத்தது ஒரே ஒருத்திதான், ஓசெல்லா.

இன்னும் கேள். அவன் தலைக்கு மேலே, கதவோரம், ஓர் ஆணியில் ஒரு சட்டி தொங்குகிறது. வெள்ளை எனாமல், நீல விளிம்பு, ஒரு பக்கம் நசுங்கல். அம்மாவின் சட்டி. அம்மாவின் அடக்க நாள் சாப்பாட்டுக்குப் பிறகு காணாமல் போன அதே சட்டி. சபைப் பாத்திரக் கணக்கில் இன்றைக்கும் அந்த வரி அப்படியே இருக்கிறது: வந்தது நாற்பத்தொன்று, திரும்பியது நாற்பது. அதன் கீழே ஒரு சின்ன அட்டை தொங்கியது. கண்ணாடியை வீட்டில் வைத்துவிட்டுப் போனேன், படிக்க முடியவில்லை.

யார் கொண்டுபோய்க் கொடுத்தது என்று எனக்கு ஒரு சந்தேகம் உண்டு. கழுவி முடித்ததும் பாத்திரங்களை வண்டியில் ஏற்றிக்கொண்டு போனது நம் சபை லெவீனியா டட்டில். ஒன்பது வருஷமாக மனசுக்குள் வைத்திருக்கிறேன். ஜெபத்தில் அவள் பெயர் வரும்போது கொஞ்சம் வேகமாகப் போய்விடுவேன். கர்த்தர் மன்னிக்கட்டும்.

உன் அத்தானிடம் சொன்னேன். அவர் பேஸ்பால் பார்த்துக்கொண்டே, "நல்லவேளை, இலவசம். காசு குடுத்துப் போய் உங்கம்மாவுக்குத் திட்டு வாங்கிட்டு வராம இருந்தியே" என்றார்.

உனக்குத்தான் படிப்பு இருக்கிறது. என்ன செய்ய வேண்டும் என்று சொல்.

உன் அக்கா,
வெர்டெல்

•

டெட்ராய்ட்
14 மார்ச் 2017

அன்புள்ள அக்கா,

உன் கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். அம்மாவை வைத்து, அம்மா நின்ற வாசலிலேயே, காசு வாங்கிக்கொண்டு சிரிக்க வைக்கிறார்கள்! நீ ஏன் பேசாமல் வந்தாய்? உன் வாயை யார் கட்டினார்கள்? திரும்பப் போ. எல்லார் முன்னாலும் நின்று, என் அம்மா திருடியில்லை என்று சொல். அந்தச் சட்டி கூலி. வேலைக்குச் சேர்ந்த அன்றே தேயர் வீட்டு எஜமானியம்மா, "வாரக் கூலியும் தினம் ஒரு சட்டியும்" என்று பேசி வைத்தது. மிச்சத்தை அந்தம்மாவே தன் கையால் போட்டு மூடிக் கொடுத்ததை நீயே பார்த்திருக்கிறாய். ஊரில் சமையல் வேலை பார்த்த எல்லாருக்கும் அதுதானே வழக்கம். சொல். பயப்படாதே.

சட்டி எப்படி அங்கே போனது என்பதையெல்லாம் நீ கிளறிக்கொண்டிருக்காதே. பழைய கதை. லெவீனியாவை விடு, பாவம், வயதானவள்.

முழங்கால் அப்படியேதான் இருக்கிறது. அத்தானுக்கு என் அன்பு.

உன் தங்கை,
ஓசெல்லா

•

சவானா
3 ஏப்ரல் 2017

அன்புத் தங்கை ஓசெல்லாவுக்கு,

சமாதானம். நீ சொன்னபடி போனேன். இந்தத் தடவை டிக்கெட் வாங்கிக்கொண்டு, குதிகால் உயராத செருப்புப் போட்டுக்கொண்டு, கண்ணாடியோடு போனேன். போகும் வழியெல்லாம் சொல்ல வேண்டியதை மனப்பாடம் பண்ணிக்கொண்டேன். பெஞ்சு வந்தது, மருந்துக்கடை வந்தது, மனசுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டே நடந்தேன். அடுப்பங்கரை வாசலில் அவன் நொண்ட ஆரம்பித்ததும் நான் கூட்டத்துக்குப் பின்னால் போய் நின்றுகொண்டேன். சபையில் சாட்சி சொல்ல எழுந்தால் போதகர் உட்காரச் சொல்லும் வரை பேசுகிறவள் நான். அங்கே ஒரு வார்த்தை வரவில்லை.

சிரிப்பு அடங்கியதும் ஒரு பெண் கேட்டாள், இதெல்லாம் நிஜமா, இல்லை கதைக்காக எழுதியதா என்று. அவன் சொன்னான்: "நிஜந்தாங்க. அந்தச் சமையல்காரம்மாவோட சொந்த மகளே சொல்லியிருக்காங்க, எங்கம்மா ஏப்ரனுக்குள்ள மறைச்சுத்தான் கொண்டு வருவாங்கன்னு. இந்தச் சட்டியும் அவங்க குடுத்ததுதான்."

எனக்கு அடக்கமாட்டாமல் விக்கல் வந்துவிட்டது. அந்தப் பிள்ளை ஓடிப்போய்த் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தான்.

பிறகு எல்லாரும் நகர்ந்த பின் கண்ணாடியைப் போட்டு அட்டையைப் படித்தேன். ஓசெல்லா எம். பெட்வே, மகள், 2008.

நான் உன்னைத் திட்ட எழுதவில்லை. அம்மாவுக்கு நாம் இரண்டே பிள்ளை. நான் சொல்லவில்லை என்று எனக்குத் தெரியும். மிச்சம் யார் என்று கணக்குப் போட எனக்குப் பள்ளிக்கூடம் தேவையில்லை. ஆனாலும் உன் வாயால் கேட்க வேண்டும்.

மறுநாள் பவுண்டு கேக் ஒன்று சுட்டு எடுத்துக்கொண்டு லெவீனியா வீட்டுக்குப் போனேன். ஒன்பது வருஷமாக அவள்மேல் சந்தேகப்பட்டதைச் சொல்லி மன்னிப்புக் கேட்டேன். "ஓஹோ, ஒவ்வொரு சாப்பாட்டுலயும் என் தட்டுக்கு மட்டும் கேக்கோட காஞ்ச ஓரமா வந்து விழுந்துச்சே, அதுக்கு இதான் காரணமா?" என்றாள். நடுத்துண்டாக வெட்டி வைத்துவிட்டு வந்தேன்.

பதில் எழுது. அட்டை வேண்டாம், கடிதம்.

உன் அக்கா,
வெர்டெல்

•

டெட்ராய்ட்
6 மே 2017

அக்கா,

ஒரு மாதம் ஆகிவிட்டது. எழுதிக் கிழித்தது நாலு தாள்.

நான்தான் கொடுத்தேன். அம்மா அடக்கத்துக்கு மறுநாள், நீ சபையில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தபோது, அந்த வீட்டிலிருந்து ஓர் அம்மாள் வந்தார். வீட்டைக் காட்சிக்குத் திறக்கப் போகிறோம், இங்கே வேலை பார்த்தவர்களையும் நினைவில் வைக்க விரும்புகிறோம், ஏதாவது பொருள் இருந்தால் கொடுங்கள் என்று கேட்டார். மரியாதையாகக் கேட்டார். முந்தின நாள் சபையிலிருந்து நான் வீட்டுக்கு எடுத்து வந்திருந்த சட்டியைக் காட்டி, இதில்தான் எங்கள் ராச்சாப்பாடு வரும் என்று சொன்னேன். சந்து முனையில் நான் காத்து நிற்பேன், அம்மா அதை ஏப்ரனுக்குள் மறைத்துக்கொண்டு வருவார்கள், என்னைப் பார்த்ததும் லேசாகத் திறந்து வாசனை மட்டும் காட்டுவார்கள் என்று சொன்னேன். சொல்லும்போது அழுதேன். அந்த அம்மாளும் அழுதார். எழுதிக்கொண்டார். அதிலிருந்து அவர்களுக்கு வேண்டிய ஒரு வார்த்தையை எடுத்துக்கொள்வார்கள் என்று எனக்கு அப்போது தோன்றவில்லை. எனக்கே தெரியாது அக்கா, அம்மா ஏன் அதை மறைத்தார்கள் என்று. நான் கேட்டதில்லை. சின்னப் பிள்ளைக்கு அது ஒரு விளையாட்டு.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். அந்த நாவலை நான் பதினாறு வயதிலேயே படித்துவிட்டேன். அம்மாவுக்கு எழுத்துத் தெரியாது. "நம்ம கொரின் புக்கு எழுதியிருக்காமே, படிச்சுக் காட்டேன்" என்று அம்மா என்னைக் கேட்டுக்கொண்டே இருந்தார்கள். தினம் கொஞ்சமாக வாசித்துக் காட்டினேன். டெம்பி வந்த பக்கங்களையெல்லாம் இரண்டு இரண்டாகப் புரட்டிவிட்டேன். முடித்ததும் அம்மா, "அவ்வளோ வருஷம் பாத்தவ, என்னைப் பத்தி ஒரு வரி எழுதலை பாரு" என்று சிரித்தார்கள். கொஞ்சம் வருத்தம்தான். வருத்தப்படட்டும், அது மேல் என்று இருந்துவிட்டேன்.

அதனால்தான் சட்டியைக் கொடுத்தேன். புத்தகத்தில்தான் அம்மா இல்லை, அந்த வீட்டிலாவது இருக்கட்டும் என்று. உன்னிடம் சொல்லியிருந்தால் நீ கொடுக்க விட்டிருக்கமாட்டாய். லெவீனியாவை நீ சந்தேகப்பட்டது எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் சொல்லியிருப்பேனா என்றும் தெரியாது.

ஓசெல்லா

•

சவானா
12 ஜூன் 2017

அன்புத் தங்கைக்கு,

உன் கடிதத்தை வாசித்துவிட்டு முழங்காலில் நின்றேன். உனக்காகத்தான். அம்மா வருத்தப்பட்டார்களே தவிர அவமானப்படவில்லை. அது நீ செய்தது. அதற்கு உனக்கு நன்றி. மற்றதற்கு என்ன சொல்வதென்று தெரியவில்லை.

அம்மா ஏன் மறைத்தார்கள் என்று எனக்குத் தெரியும். நீ பிறப்பதற்கு முன்னாலிருந்தே சந்து முனையில் காத்து நின்றவள் நான். ஒருநாள் நான், "ஏம்மா, மழையே இல்லையே, ஏன் மூடிக்கிட்டு வர்றே?" என்று கேட்டேன். அம்மா சொன்னார்கள்: "உழைச்ச கூலிதாண்டி. அதுக்காக அடுத்தவ சாப்பிட்ட மிச்சத்தை ஊரே பாக்கத் தூக்கிட்டு நடக்கணுமா?" வீட்டுக்கு மறைக்கவில்லை, ஓசெல்லா. தெருவுக்கு மறைத்தார்கள்.

இதை அந்த வீட்டிலேயே போய்ச் சொல்லிவிட்டேன். ஆண்டு விழா முடிந்த மறு சனிக்கிழமை மூன்றாம் தடவை போனேன். அவன் நடித்து முடித்து எல்லாரும் சிரித்து ஓய்ந்ததும் ஞாயிறு பள்ளிப் பிள்ளை மாதிரிக் கையைத் தூக்கினேன். "சொல்லுங்கம்மா" என்றான். "அந்தச் சட்டியக் கொஞ்சம் திருப்பிக் காட்டு தம்பி" என்றேன். எடுத்துத் திருப்பினான். அடியில் சிவப்பு நகப்பூச்சில் கோழிக்கால் அடையாளம் போட்டிருந்தது. சபைச் சாப்பாட்டில் யார் சட்டி எது என்று தெரிய எல்லாரும் அடியில் பெயர் எழுத, அம்மாவுக்கு எழுத்துத் தெரியாதென்று எட்டு வயதில் நீ போட்டுக் கொடுத்த கோழிக்கால். ஒரு விரல் கொஞ்சம் உதிர்ந்திருக்கிறது. "இது எங்கம்மா லூலா மங்கினோட சட்டி. அவங்க திருடல. இது கூலி" என்று ஆரம்பித்து, தெருவுக்கு மறைத்தது வரை சொல்லிவிட்டேன்.

பிறகு ஒஹாயோவிலிருந்து வந்த ஒரு பெண் அழுதாள். எல்லாரும் கைதட்டினார்கள். ட்ரிப் தொப்பியைக் கழற்றிக்கொண்டு, "எனக்குத் தெரியாதும்மா, மன்னிச்சுடுங்க" என்றான். அந்தப் பிள்ளையின் கண் கலங்கியிருந்தது, பொய் இல்லை. வீட்டுக்கு வந்து தக்காளி போட்டுச் சிவப்புச் சோறு ஆக்கினேன். "என்ன, இன்னைக்குப் பாட்டெல்லாம் வருது?" என்றார் உன் அத்தான்.

இரண்டு வாரம் கழித்து சபை அடுப்பங்கரையில் பாத்திரம் அடுக்கிக்கொண்டிருந்தேன். பின்சன்னல் தேயர் வீட்டுக் கொல்லைச் சந்துப் பக்கம்தானே இருக்கிறது. சிரிப்புச் சத்தம் கேட்டது. அதே சிரிப்பு. பிறகு அமைதி. பிறகு கைதட்டல். ஏப்ரனோடு அப்படியே இறங்கிப் போனேன். கொல்லை வேலிக்கு வெளியே நின்று பார்த்தேன். அவன் சட்டியைத் திருப்பிப் பிடித்துக்கொண்டு, என் வார்த்தையை, என் குரல் மாதிரியே சொல்லிக்கொண்டிருக்கிறான். மூக்கை உறிஞ்சுகிறார்கள். என்னைக் கண்டதும், "அட, இதோ அவங்களே வந்துட்டாங்க!" என்றான். எல்லாரும் திரும்பி எனக்குக் கைதட்டினார்கள். படம் எடுத்தார்கள். நான் கையில் கரண்டியோடு நின்றேன்.

கூட்டம் போனதும் கேட்டேன். தம்பி, நீ சொல்வதெல்லாம் சரி, முன்னால் போடுகிற அந்த வீக்கக் கதையை மட்டும் விட்டுவிடேன் என்றேன். அவன் சட்டியை ஆணியில் மாட்டிவிட்டுச் சொன்னான்:

"அதை எடுத்துட்டா நீங்க சொன்னதுக்கு யாரும் அழமாட்டாங்கம்மா. மொதல்ல சிரிக்கணும். அப்பத்தான் பின்னாடி வலிக்கும்."

கெட்டவன் இல்லை, ஓசெல்லா. என் கூடையைச் சபை வாசல் வரை தூக்கிக்கொண்டு வந்தான். போன வாரம் ஒரு பை பீச் பழம் கொண்டுவந்து கொடுத்தான். கெட்டவனாக இருந்தால் எனக்குச் சுலபம்.

அந்த வீட்டு அலுவலகத்துக்கும் போனேன். அங்கிருந்த அம்மாள் உட்காரவைத்து டீ கொடுத்தார். கதையில் அவர்கள் கை வைக்க முடியாதாம், அது புத்தகத்தில் உள்ளதாம். சட்டியை நான் கேட்டாலும் தரமுடியாதாம். கொடுத்தவர் கையெழுத்துப் போட்டுத் திருப்பிக் கேட்டால் மட்டும் தருவார்களாம். அந்தத் தாளை இதோடு வைத்திருக்கிறேன். பெருக்கல் குறி போட்ட இடத்தில் கையெழுத்துப் போட்டு, தேதியும் போட்டு அனுப்பு. உன்னிடம் நான் வேறொன்றும் கேட்கவில்லை.

உன் அக்கா,
வெர்டெல்

•

டெட்ராய்ட்
29 ஜூன் 2017

அன்புள்ள அக்கா,

தாள் வந்தது. சாப்பாட்டு மேசையில் வைத்துவிட்டு நாலு நாளாக அதைச் சுற்றிச் சுற்றி நடக்கிறேன்.

ஒன்று யோசித்துப் பார். சட்டியை நீ எடுத்துக்கொண்டு வந்துவிட்டால், அந்தப் பையன் கதையை நிறுத்திவிடுவானா? புத்தகம் அங்கேதான் இருக்கும். டெம்பி நொண்டிக்கொண்டேதான் இருப்பாள். சிரிப்பார்கள். அதற்குப் பின்னால் காட்ட ஒன்றும் இருக்காது. இன்றைக்குச் சிரித்த பிறகாவது ஒரு நிமிஷம் வாயை மூடி, லூலா மங்கின் என்ற பெயரைக் கேட்கிறார்கள். அந்த வீட்டில் அம்மாவின் பெயரைச் சொல்ல இருப்பது அந்த ஆணி ஒன்றுதான். எடுத்தால் திருடி மட்டும் மிஞ்சுவாள், அம்மா போய்விடுவார்கள்.

அதே சமயம், எடுக்காவிட்டால் தினம் இரண்டு தடவை அம்மா மேல் சிரிப்புக் கொட்டுகிறது. அதுவும் எனக்குத் தெரிகிறது. இரண்டையும் எழுதிவிட்டேன். இதில் எது சரி என்று எனக்கு நிஜமாகவே தெரியவில்லை. படிப்பு இருக்கிறது என்று நீ சொல்லிக்கொண்டே இருக்கிறாய். இதற்கு உதவவில்லை.

கையெழுத்துப் போட்டுவிட்டேன். தேதி போடவில்லை. நீ அங்கே இருக்கிறாய், நீ பார்த்துக்கொள்.

உன் தங்கை,
ஓசெல்லா

•

சவானா
7 ஆகஸ்ட் 2017

அன்புத் தங்கை ஓசெல்லாவுக்கு,

கர்த்தருடைய சமாதானம் உன்னோடு இருக்கட்டும். வெயில் தாங்கவில்லை. ஓக் மரக் கிளையில் தாடி மாதிரித் தொங்கும் பாசிகூட அசையவில்லை. அத்தானுக்குக் கொஞ்ச நாளாக இருந்த இருமல் நின்றது. லெவீனியா இப்போது என் சமையலுக்கு உதவிக்கு வருகிறாள். கேக்கை அவளே வெட்டிக்கொள்கிறாள்.

சின்ன வயதில் பாத்திரம் கழுவ விட்டால் நீ எல்லாவற்றையும் கழுவிவிட்டுக் கடைசியாக அடிப்பிடித்த சட்டியில் தண்ணீர் ஊற்றி ஊறப்போட்டுவிட்டுப் போய்விடுவாய். "அக்கா பாத்துக்குவா" என்பாய். தேதி போடாத தாளைப் பார்த்ததும் எனக்கு அந்த நினைவுதான் வந்தது. கோபமாகச் சொல்லவில்லை. நானும் இத்தனை நாளாக ஊறத்தான் போட்டிருக்கிறேன்.

தாள் சபைப் பாத்திரக் கணக்கு நோட்டில் இருக்கிறது, 2008ஆம் வருஷப் பக்கத்தில், நாற்பதுக்கும் நாற்பத்தொன்றுக்கும் நடுவில். தினம் பேனாவை எடுக்கிறேன். ஜெபம் பண்ணிவிட்டுத்தான் எடுக்கிறேன். ஒருநாள் உன் பேச்சு சரி என்று படுகிறது. மறுநாள் சன்னல் வழியே அந்தச் சிரிப்பு வருகிறது, கை தானாகத் தேதி போடும் இடத்துக்குப் போகிறது. பிறகு அமைதியாகிறது, அம்மாவின் பெயர் கேட்கிறது, கையை எடுத்துவிடுகிறேன். கர்த்தர் இன்னும் ஒன்றும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் எனக்குக் கேட்கவில்லை.

உனக்கு எழுதாமல் ஒரு காரியம் செய்துவிட்டேன். அலுவலகத்து அம்மாளிடம் போய், எடுத்துக்கொண்டு போகவில்லை, ஒரு தரம் கையில் வாங்கிப் பார்க்கிறேனே என்று கேட்டேன். மழைக்காற்றில் ஆணியைச் சுற்றித் துரு ஏறுகிறது, துடைத்தாவது வைக்கிறேன் என்றேன். காட்சிப் பொருளை வெளியார் தொடக்கூடாதாம். மரியாதையாகத்தான் சொன்னார். வெளியே வந்தால் ட்ரிப் நின்றான். "கதை நேரத்துல நீங்க பிடிச்சுக்கலாம்மா, அது என் பொறுப்பு. சனிக்கிழமை வாங்க. உங்களுக்கு டிக்கெட் வேண்டாம்" என்றான்.

இப்போது எல்லாச் சனிக்கிழமையும் போகிறேன். பெஞ்சு, மருந்துக்கடை எல்லாம் நடக்க முடியவில்லை. நேரே அடுப்பங்கரை வாசலுக்குப் போய்ச் சுவரோரம் ஒரு நாற்காலியில் உட்கார்ந்துகொள்கிறேன். நாற்காலி அவன் போட்டு வைப்பான். பத்தே முக்காலுக்கு வருவார்கள். அவன் இடுப்பை வளைத்து நொண்டுவான். வீக்கம் வரும், கோழி வாசம் வரும், சிரிப்பார்கள். எல்லாம் முடிந்த பிறகுதான் அவன் ஆணியிலிருந்து எடுத்து என் மடியில் வைப்பான். நான் சொல்ல வேண்டியதைச் சொல்வேன். சொல்லும் நேரம் முழுக்கச் சட்டி என் கையில் இருக்கும். ஏழு நிமிஷம். நசுங்கிய இடத்தில் என் கட்டைவிரல் சரியாக உட்காருகிறது. ஏப்ரன் நுனியால் விளிம்பைத் துடைத்துவிடுவேன். முதல் தடவை சொன்னதுபோல இப்போது சொல்ல வருவதில்லை, பாடமாகிவிட்டது. எந்த இடத்தில் அழுவார்கள் என்றுகூடத் தெரிகிறது. பிறகு அவன் கையை நீட்டுவான், கொடுத்துவிடுவேன்.

போன சனிக்கிழமை ஒரு சின்னப் பெண், ஏழு வயதிருக்கும், எல்லாரும் போன பின் என்னிடம் வந்து கேட்டாள், "பாட்டி, அவரு ஜோக்குச் சொல்றப்ப உங்களுக்குக் கோவம் வராதா?" என்று. அவள் அம்மா அவள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்விட்டாள். பதில் சொல்ல எனக்கு நேரம் கிடைக்கவில்லை. உனக்குச் சொல்கிறேன். வரும். ஆனால் சீக்கிரம் சிரித்து முடிக்கட்டும் என்றுதான் இப்போதெல்லாம் உட்கார்ந்திருக்கிறேன். அவர்கள் சிரித்து முடித்தால்தானே சட்டி என் மடிக்கு வரும்.

முழங்காலைப் பார்த்துக்கொள். பேனா என்னிடமே இருக்கட்டும்.

உன் அக்கா,
வெர்டெல்